தந்தை வேடத்துக்குக் காத்திருந்த தலைமகன்

பல்கலைக்கழக விடுதியில் தங்கிப் படித்தவர்களில் புரூஸ் லீயின் ‘எண்டர் தி டிராகன்’ படத்தை ஒரு முறையாவது பார்க்காதவர்கள் மிகக் குறைவு. தேர்வு முடிந்த ஓர் இரவில், விடுதியின் பொது அறையில் நண்பர்களோடு நெருக்கியடித்து உட்கார்ந்து நானும் அதைப் பார்த்தேன். கண்ணாடி அறைக்குள் நடக்கும் இறுதிச் சண்டைதான் மறுநாள் உணவகத்தில் எல்லாருக்கும் பேச்சு. எனக்கு மட்டும் அந்த வில்லனின் குரல் மனத்தை விட்டுப் போகவில்லை. தீவின் தலைவனாக வரும் ஹான், சினம் கொள்ளாமல், அவசரப்படாமல், சொல்லைச் சொல்லாக எடுத்து வைத்துப் பேசுவான். அந்த நிதானமே அவனைக் கண்டு நம்மை அஞ்ச வைக்கும்.

ஹானாக நடித்தவர் ஹாங்காங் திரையுலகின் புகழ்பெற்ற வில்லன் நடிகர் ஷி கியன். ஆனால் நாம் கேட்கும் ஆங்கிலக் குரல் அவருடையதன்று. அது கீ லூக் என்ற வேறொரு நடிகரின் பின்னணிக் குரல். இதை நான் பல ஆண்டுகள் கழித்துத்தான் அறிந்தேன். அந்தப் பெயரைத் தேடிப் போனபோது, 1934 தொடங்கி 1990 வரை ஐம்பத்தாறு ஆண்டுகள் அமெரிக்கத் திரையில் நடித்த ஒருவரின் வாழ்க்கை கிடைத்தது. கதாநாயகனாக அவர் நடித்த படங்களை ஒரு கையின் விரல்களில் எண்ணிவிடலாம். துணை வேடங்களோ நூற்றுக்கும் மேல்.

நம் பேரவையின் நாடக விழாவில் நான் ஒரு முறை சிறிய வேடம் வேண்டாமென்று ஒத்திகையை விட்டு வெளியேறியவன். ஏழே வசனங்கள் கொண்ட தந்தை வேடம் அது. அதனால்தானோ என்னவோ, இந்த மனிதரின் கதை என்னை விடாமல் பிடித்துக்கொண்டது.

காண்டனிலிருந்து சியாட்டலுக்கு

கீ லூக் 1904ஆம் ஆண்டு ஜூன் 18ஆம் நாள் சீனாவின் காண்டன் நகரில் பிறந்தார். இன்று நாம் குவாங்சௌ என்று அழைக்கும் நகரம் அது. தந்தை கலைப்பொருள் கடை நடத்தியவர். சிறு பிள்ளையாக அமெரிக்காவுக்குக் கொண்டுவரப்பட்ட லூக், அந்நாட்டின் வடமேற்குக் கரையிலுள்ள சியாட்டல் நகரில் வளர்ந்தார். பிராங்ளின் உயர்நிலைப்பள்ளியில் படித்தார். படம் வரைவதில் சிறு வயதிலேயே கைதேர்ந்தவராக விளங்கினார்.

அவர் வளர்ந்த காலத்தின் நிலையைச் சொல்லாமல் அவர் வாழ்க்கையைப் புரிந்துகொள்ள முடியாது. 1882ஆம் ஆண்டு அமெரிக்க நாடாளுமன்றம் சீனத் தொழிலாளர்கள் நாட்டுக்குள் வருவதைத் தடுக்கும் சட்டத்தை நிறைவேற்றியது. ஏற்கெனவே அங்கு வாழ்ந்த சீனர்கள் விண்ணப்பித்துக் குடியுரிமை பெறவும் அச்சட்டம் இடம் தரவில்லை. 1886ஆம் ஆண்டு பிப்ரவரியில் சியாட்டலிலேயே ஒரு கும்பல் சீனர்களின் குடியிருப்புக்குள் புகுந்து, அவர்களை வீடுகளிலிருந்து வெளியேற்றித் துறைமுகத்துக்கு ஓட்டிச் சென்றது. லூக் பிறப்பதற்குப் பதினெட்டு ஆண்டுகளுக்கு முன் நடந்தது இது. அந்த ஊரில்தான் அவர் ஆங்கிலம் கற்றார், நண்பர்களைப் பெற்றார், ஓவியரானார். பேச்சில் அவர் முழு அமெரிக்கர். சட்டத்தின் பார்வையில் அயலார்.

தூரிகையோடு நுழைந்தவர்

லூக் ஹாலிவுட்டுக்குள் நடிகராக நுழையவில்லை, ஓவியராகவே நுழைந்தார். திரையரங்குகளுக்கும் படநிறுவனங்களுக்கும் விளம்பர ஓவியங்கள் வரைவது அவர் தொழில். லாஸ் ஏஞ்சலஸில் 1927ஆம் ஆண்டு திறக்கப்பட்ட கிராமன் சீனத் திரையரங்கின் உட்புற ஓவியப் பணியில் அவர் கையும் உண்டு. 1933இல் வெளிவந்த ‘கிங் காங்’ படத்தின் விளம்பர ஏட்டுக்கும் ஆர்.கே.ஓ. நிறுவனத்துக்காக அவர் படம் வரைந்தார்.

நன்றாக ஆங்கிலம் பேசும் சீன இளைஞர் ஒருவர் விளம்பரப் பிரிவிலேயே இருக்கிறார் என்பது படநிறுவனங்களின் கண்ணில் பட்டது. 1934இல் கிரெட்டா கார்போ நடித்த ‘தி பெயின்டட் வெயில்’ படத்தில் சிறு வேடம் கிடைத்தது. அப்போது அவருக்கு வயது முப்பது. மறு ஆண்டு ‘மேட் லவ்’ என்ற திகில் படத்தில் அறுவை மருத்துவருக்கு உதவும் டாக்டர் வோங்காக நடித்தார். நடிகரான பிறகும் அவர் தூரிகையைக் கீழே வைக்கவில்லை. 1941இல் வெளிவந்த ‘தி ஷாங்காய் ஜெஸ்சர்’ படத்தில் சூதாட்ட விடுதியின் சுவரை அலங்கரிக்கும் ஓவியம் அவர் வரைந்ததே.

தலைமகன் லீ சான்

1935இல் பாக்ஸ் நிறுவனம் ‘சார்லி சான் இன் பாரிஸ்’ படத்தை வெளியிட்டது. லூக்கின் பெயரை நாடறியச் செய்த படம் இதுதான்.

சார்லி சான், எழுத்தாளர் ஏர்ல் டெர் பிக்கர்ஸ் 1925இல் படைத்த துப்பறிவாளர். ஹொனலூலுவில் பணியாற்றும் சீனக் காவல் அதிகாரி. அந்நகரில் உண்மையாகவே வாழ்ந்த சாங் அப்பானா என்ற காவலருக்கும் இப்பாத்திரத்துக்கும் தொடர்பு உண்டு. தொடக்ககாலப் படங்களில் ஜப்பானிய நடிகர்களும் ஒரு கொரிய நடிகரும் இவ்வேடத்தை ஏற்றனர். படங்கள் ஓடவில்லை. 1931இல் சுவீடனில் பிறந்த வார்னர் ஓலண்ட் சார்லி சானாகத் தோன்றினார். படங்கள் வெற்றிமேல் வெற்றி பெற்றன. அதன்பின் சீனத் துப்பறிவாளராக நடிக்கச் சீனர் தேவையில்லை என்று ஹாலிவுட் முடிவு செய்துவிட்டது.

சார்லி சானுக்குப் பெரிய குடும்பம். அதில் மூத்த மகன் லீ சான். இந்த வேடம் லூக்குக்குக் கிடைத்தது. தந்தை அமைதியானவர், பழமொழி பேசுபவர், திருத்தமற்ற ஆங்கிலத்தை மெதுவாகப் பேசுபவர். மகனோ துறுதுறுப்பான கல்லூரி மாணவன். அக்கால இளைஞரின் கொச்சை மொழி பேசுவான். அப்பாவுக்கு உதவுகிறேன் என்று கிளம்பி வம்பில் மாட்டிக்கொள்வான். 1935 முதல் 1938 தொடக்கம்வரை எட்டுப் படங்களில் ஓலண்டும் லூக்கும் தந்தையும் மகனுமாக இணைந்து நடித்தனர்.

இந்தப் படங்களை இன்று பார்க்கும்போது ஒன்று பளிச்செனத் தெரிகிறது. சீனர் அல்லாதவர் சீனரைப்போல் பேச முயல்கிறார். உண்மையான சீனரோ எந்த முயற்சியும் இல்லாமல் அமெரிக்கரைப்போல் பேசுகிறார். அன்றைய வெள்ளையினப் பார்வையாளர்களில் பலர், தங்களைப்போலவே பேசிச் சிரிக்கும் சீன இளைஞன் ஒருவனைத் திரையில் கண்டது அதுவே முதல் முறையாக இருந்திருக்கும்.

1937இல் வந்த ‘சார்லி சான் அட் தி ஒலிம்பிக்ஸ்’ படத்தில் லீ சான் பெர்லின் ஒலிம்பிக்கில் அமெரிக்க நீச்சல் அணியின் வீரனாக வருகிறான். நாட்டின் சின்னத்தை மார்பில் தாங்கிப் போட்டியிட்டு வெற்றியும் பெறுகிறான். லீ சான் ஹவாயில் பிறந்த குடிமகன், ஆகவே அவனுக்கு அது இயலும். அவனாக நடித்த லூக்கோ காண்டனில் பிறந்தவர். அமெரிக்காவின் பெயரால் திரையில் நீந்திய அந்த நாளில், அமெரிக்கக் குடியுரிமைக்கு விண்ணப்பிக்கும் உரிமைகூட அவருக்கு இல்லை.

அதே 1937இல் எம்.ஜி.எம். நிறுவனம் பெர்ல் பக்கின் நாவலான ‘தி குட் எர்த்’தைப் படமாக்கியது. சீன உழவர் குடும்பத்தின் கதை. தந்தையாகப் பால் மூனி, தாயாக லூயிஸ் ரெய்னர். இருவருமே சீனர் அல்லர். லூக் அங்கேயும் மூத்த மகன்தான்! ரெய்னர் அப்படத்துக்காகச் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் விருதைப் பெற்றார். லாஸ் ஏஞ்சலஸில் பிறந்த சீன அமெரிக்க நடிகை அன்னா மே வோங் அந்தத் தாய் வேடத்தை விரும்பியிருந்தார். நாயகன் வெள்ளையர் என்பதால் நாயகியும் வெள்ளையராகவே இருக்க வேண்டும் என்ற நிலை அன்று இருந்தது. வேற்றினத்தார் காதலர்களாகத் திரையில் தோன்றுவதை ஹாலிவுட்டின் தணிக்கை விதிகளே தடுத்திருந்தன.

திறந்த கதவும் மூடிய கதவும்

1938 தொடக்கத்தில் ஓலண்ட் ஒரு படப்பிடிப்பின் நடுவே வெளியேறினார். அந்தப் படத்தை வீணாக்காமல், கதையை மாற்றி, ஜப்பானியத் துப்பறிவாளர் மிஸ்டர் மோட்டோவின் படமாக ஆக்கினார்கள். மோட்டோவாக நடித்தவர் ஹங்கேரியில் பிறந்த பீட்டர் லோரி. லூக் அதிலும் லீ சானாகவே வந்தார். அவ்வாண்டு ஆகஸ்டு மாதம் ஓலண்ட் சுவீடனில் காலமானார். புதிய சார்லி சானாக அமெரிக்க நடிகர் சிட்னி டோலர் வந்தார். அவருக்கு உதவ இரண்டாம் மகன் ஒருவனை உருவாக்கினார்கள். லூக் விலகிக்கொண்டார். தந்தை இறந்தால் தலைமகன் பொறுப்பேற்பது சீனக் குடும்பத்திலும் நம் குடும்பத்திலும் வழக்கம். ஹாலிவுட் குடும்பத்தில் அது நடக்கவில்லை.

1940இல் ஒரு கதவு திறந்தது. மோனோகிராம் என்ற சிறிய நிறுவனம் மிஸ்டர் வோங் என்ற சீனத் துப்பறிவாளரை வைத்துப் படங்கள் எடுத்துவந்தது. முதல் ஐந்து படங்களில் வோங்காக நடித்தவர் ஆங்கிலேயரான போரிஸ் கார்லாஃப். ஆறாவது படமான ‘பேன்டம் ஆஃப் சைனாடவுன்’ படத்தில் அவ்வேடம் லூக்குக்கு வந்தது. சீனத் துப்பறிவாளராகச் சீன நடிகர் ஒருவரே பேசும்படத்தில் முதன்மை வேடம் ஏற்றார். அப்படத்தின் வோங் பழமொழி சொல்வதில்லை, திக்கித் திணறிப் பேசுவதில்லை, தெளிவாகச் சிந்திக்கிறார், தேவைப்பட்டால் கைகலப்புக்கும் தயங்குவதில்லை. அதுவே அத்தொடரின் கடைசிப் படமும் ஆனது. கதவு ஒரே படத்தில் மூடிக்கொண்டது.

அதே 1940இல் ‘தி கிரீன் ஹார்னெட்’ தொடர்படத்தில் நாயகனின் உதவியாளர் கேட்டோவாக லூக் நடித்தார். இருபத்தாறு ஆண்டுகளுக்குப் பின் தொலைக்காட்சியில் அதே கேட்டோவாக வந்தவர் புரூஸ் லீ.

அடுத்து போர்க்காலம். 1942இல் ஏறத்தாழ 1,20,000 ஜப்பானிய வம்சாவளியினரை அமெரிக்க அரசு முகாம்களில் அடைத்தது. திரையில் ஜப்பானிய எதிரிகளாக நடிக்கும் வேலை சீன, கொரிய நடிகர்களுக்கு வந்து சேர்ந்தது. ரிச்சர்ட் லூ, பிலிப் ஆன் முதலியோர் அந்த வேடங்களாலேயே அறியப்பட்டனர். ஆனால் சீனா அப்போது அமெரிக்காவின் நட்பு நாடு. எம்.ஜி.எம். நிறுவனம் தன் டாக்டர் கில்லஸ்பி படவரிசையில் லூக்குக்கு டாக்டர் லீ வோங் ஹௌ என்ற இளம் மருத்துவர் வேடம் கொடுத்தது. புரூக்ளினில் பிறந்த சீன அமெரிக்க மருத்துவர் அவர். வெள்ளையின மருத்துவர்களோடு சமமாகப் போட்டியிடுவார், நகைச்சுவையாகப் பேசுவார். 1942 முதல் 1947 வரை இந்த வேடத்தில் லூக் நடித்தார்.

1943 டிசம்பரில் சீனர் விலக்குச் சட்டம் நீக்கப்பட்டது. அதன்படி ஆண்டுக்கு 105 சீனர்கள் மட்டுமே குடியேறலாம். ஆனால் உள்ளே இருந்தவர்களுக்குக் குடியுரிமைக் கதவு திறந்தது. 1944இல் கீ லூக் அமெரிக்கக் குடிமகனானார். நாற்பது வயதில், நாடறிந்த நடிகரான பிறகு!

போர் முடிந்தபின் ஒரு வேடிக்கை நடந்தது. 1947இல் சிட்னி டோலரும் மறைய, சார்லி சான் வேடம் ரோலண்ட் வின்டர்ஸ் என்ற நடிகருக்குச் சென்றது. 1948, 1949 ஆண்டுகளில் வந்த கடைசி இரண்டு படங்களில் லீ சானாக நடிக்க லூக்கை மீண்டும் அழைத்தனர். வின்டர்ஸ் பிறந்தது 1904 நவம்பரில். லூக் பிறந்தது 1904 ஜூனில். மகன் தந்தையைவிட ஐந்து மாதம் மூத்தவர். நாற்பத்து நான்கு வயதிலும் அவர் தலைமகன்தான். தந்தை வேடம் மட்டும் வேறு யாருக்கோ.

மேடையில் ஒரு தந்தை

திரை தராததை மேடை தந்தது. 1958 டிசம்பர் 1ஆம் நாள் நியூயார்க்கின் பிராட்வேயில் ‘ஃபிளவர் டிரம் சாங்’ என்ற இசை நாடகம் அரங்கேறியது. சீன அமெரிக்க எழுத்தாளர் சி. ஒய். லீயின் நாவலை ராட்ஜர்ஸ், ஹாமர்ஸ்டைன் இருவரும் நாடகமாக்க, ஜீன் கெல்லி இயக்கினார். சான்பிரான்சிஸ்கோ சைனாடவுனில் வாழும் குடும்பத்தின் கதை. பழைய வழக்கங்களை விடாத தந்தைக்கும் அமெரிக்கரான பிள்ளைகளுக்கும் இடையிலான இழுபறி. அந்தத் தந்தையாக நடித்தவர் கீ லூக். இருபது ஆண்டுகளாக மகனாக நின்ற இடத்திலிருந்து எதிர்ப்பக்கம் போய் உட்கார்ந்தார். நாடகம் 600 முறை நடந்தது. ஆனால் 1961இல் அது படமானபோது அந்தத் தந்தை வேடம் பென்சன் ஃபோங்குக்குப் போனது. சார்லி சான் படங்களில் மூன்றாம் மகனாக நடித்தவர் அவர்!

1972

லூக்கின் வாழ்க்கையில் இன்னொரு திருப்பம் 1972. அப்போது அவருக்கு வயது அறுபத்தேழு. அந்த பிப்ரவரியில் ‘குங் ஃபூ’ தொடரின் முதற்படம் தொலைக்காட்சியில் ஒளிபரப்பானது. ஷாவ்லின் ஆலயத்தில் வளர்ந்த கலப்பின இளைஞன் ஒருவன் அமெரிக்க மேற்குப் பகுதியில் அலைந்து திரியும் கதை. இளைஞனாக டேவிட் கேரடைன் நடித்தார். புரூஸ் லீயின் பெயர் அவ்வேடத்துக்குப் பேசப்பட்டுக் கைவிடப்பட்டது. கண்பார்வையற்ற குரு போவாக லூக் வந்தார். மாணவனைச் செல்லமாக வெட்டுக்கிளி என்று அழைக்கும் குரு அவர். தொடர் 1975 வரை ஓடியது. குரு போ கதையின் தொடக்கத்திலேயே கொல்லப்பட்டுவிடுகிறார். நாயகனின் நினைவுகளில் மட்டுமே திரும்பத் திரும்ப வருகிறார். ஆயினும் தொடரைப் பார்த்தவர்கள் மறக்காமல் வைத்திருப்பது அவரைத்தான். ஆலயத்தின் தலைமைக் குருவாக நடித்தவர் பழைய நண்பர் பிலிப் ஆன்.

அவ்வாண்டு செப்டம்பரில் ஹானா-பார்பரா நிறுவனம் சார்லி சான் குடும்பத்தை வைத்துச் சிறுவர்களுக்கான கார்ட்டூன் தொடர் ஒன்றைத் தொடங்கியது. பதினாறு பகுதிகள். அதில் சார்லி சானுக்குக் குரல் கொடுத்தவர் கீ லூக். அப்பாத்திரத்தைச் சீனர் ஒருவர் ஏற்றது அதுவே முதல் முறை. தலைமகன் முப்பத்தேழு ஆண்டுகள் கழித்துத் தந்தையானார். ஆனால் முகம் தெரியவில்லை, குரல் மட்டுமே கேட்டது. பிள்ளைகளுக்கு முதலில் குரல் கொடுத்த ஆசிய இளையோரின் பேச்சு புரியாது என்று சொல்லி, அவர்களில் பெரும்பாலோரை மாற்றிவிட்டார்கள். மாற்றாக வந்தவர்களில் ஒருவர், அப்போது சிறுமியாக இருந்த ஜோடி ஃபாஸ்டர்.

மறு ஆண்டு 1973இல் வந்ததுதான் ‘எண்டர் தி டிராகன்’. அங்கும் அவர் குரல் மட்டும்தான்.

எனக்குள் நடந்த வழக்கு

நண்பர்களே, இந்த வாழ்க்கையை முதலில் படித்தபோது எனக்கு ஒரு பாடம் சட்டென்று கிடைத்தது. சிறிய வேடமானாலும் பொறுமையாகச் செய், பெரியது தானே வரும். அன்று ஏழு வசனத் தந்தை வேடத்தை உதறியது எவ்வளவு சிறுபிள்ளைத்தனம் என்று என்னையே கடிந்துகொண்டேன். பேரவைக் கூட்டத்தில் புதிய மாணவர்களிடம் அப்படியே பேசவும் செய்தேன்.

மேலும் படித்தபோது அந்தப் பாடம் ஆட்டம் கண்டது. 1960களில் வளர்ந்த ஆசிய அமெரிக்க இளைஞர்கள் சார்லி சானை வெறுத்தார்கள். வெள்ளையர் ஒருவர் கண்ணுக்கு ஒப்பனை பூசிக்கொண்டு, பணிந்து, குனிந்து, உடைந்த ஆங்கிலம் பேசுவதைப் பார்த்துப் பள்ளியில் மற்றப் பிள்ளைகள் தங்களைக் கேலி செய்ததை அவர்கள் மறக்கவில்லை. 1965இல் மாக்கோ முதலிய கலைஞர்கள் லாஸ் ஏஞ்சலஸில் ஈஸ்ட் வெஸ்ட் பிளேயர்ஸ் என்ற நாடகக் குழுவைத் தொடங்கினார்கள். தரப்படும் வேடத்துக்குக் காத்திருக்காமல் தங்களுக்கான மேடையைத் தாங்களே அமைத்தார்கள். 1981இல் பீட்டர் உஸ்டினோவ் சார்லி சானாக நடித்து ஒரு படம் வந்தது. அதன் படப்பிடிப்பின்போதே சான்பிரான்சிஸ்கோ சைனாடவுனில் எதிர்ப்பு எழுந்தது. 2003இல்கூட ஒரு தொலைக்காட்சி அலைவரிசை பழைய சார்லி சான் படங்களை வரிசையாக ஒளிபரப்பத் திட்டமிட்டு, ஆசிய அமெரிக்க அமைப்புகள் எதிர்த்ததால் நிறுத்திக்கொண்டது.

லூக் இந்த எதிர்ப்பில் சேரவில்லை. சார்லி சான் இழிவான பாத்திரம் அன்று, அறிவால் வெல்லும் நாயகன் என்றே அவர் கடைசிவரை வாதிட்டார். நல்ல துப்பறியும் படங்களில் நடித்தோம் என்ற பெருமை அவருக்கு இருந்தது. இளைஞர்களில் பலருக்கு இது கசந்தது.

யார் பக்கம் நியாயம்? நெடுநாள் எனக்குள் இந்த வழக்கு நடந்தது. லூக்கின் பக்கம் ஓர் உண்மை இருக்கிறது. 1935இல் அவருக்கு முன்னிருந்தவை சமையற்காரன், சலவைக்காரன், சதிகாரன் வேடங்களே. அவற்றோடு ஒப்பிட்டால், கல்லூரி மாணவன் லீ சான் ஒரு பெரிய தாவல். ஆனால் எதிர்ப்பாளர்கள் பக்கமும் ஓர் உண்மை இருக்கிறது. லூக்கிடம் திறமை குறைவாக இருந்ததால் தந்தை வேடம் தள்ளிப்போகவில்லை. பொறுமை குறைவாக இருந்ததாலும் இல்லை. இரண்டும் நிறைய இருந்தும் முப்பத்தேழு ஆண்டுகள் ஆயின. பொறுமைதான் பாடம் என்று நான் மேடையில் பேசியது, கதவை மூடியவர்களை மன்னித்துவிட்டு, வெளியே நின்றவருக்குப் புத்தி சொன்னதைப்போல் ஆகிவிட்டது.

நான் உதறிய ஏழு வசன வேடமும் லூக்கின் நிலையும் ஒன்றல்ல என்பதும் அப்போதுதான் உறைத்தது. எனக்குப் பெரிய வேடம் கிடைக்காததற்குக் காரணம் என்னைவிட நன்றாக நடித்த ஒருவர். அவருக்குக் கிடைக்காததற்குக் காரணம் அவர் பிறந்த இனம். இவ்விரண்டையும் பிரித்துப் பார்க்கத் தெரிவது மேடையில் மட்டுமல்ல, வேலைக்கு விண்ணப்பிக்கும்போதும் நமக்குத் தேவைப்படுகிறது.

முதுமையின் அறுவடை

கடைசிப் பத்து ஆண்டுகளில் லூக்குக்கு வேலை குறையவில்லை. 1984இல் வந்த ‘கிரெம்ளின்ஸ்’ படத்தில் சைனாடவுன் கடைக்காரர் மிஸ்டர் விங் அவர்தான். விசித்திரமான குட்டி விலங்கு ஒன்றை எவ்வளவு பணம் கொடுத்தாலும் விற்க மறுக்கும் முதியவர். அப்படம் வெளிவந்தபோது லூக்குக்கு வயது எழுபத்தொன்பது. ஆனால் பார்ப்பதற்கு அவ்வளவு முதுமை தெரியாததால், கிழவராகக் காட்ட ஒப்பனை போட வேண்டியிருந்ததாம்! 1986இல் ஆசிய பசிபிக் அமெரிக்கக் கலைஞர் சங்கம் அவருக்கு வாழ்நாள் சாதனையாளர் விருது வழங்கியது. சார்லி சானைப் பற்றி அவரோடு கருத்து வேறுபட்ட தலைமுறையும் அவருக்குரிய மரியாதையைக் கொடுக்கத் தவறவில்லை.

1990இல் ஹாலிவுட் நடைபாதையில் அவர் பெயருக்கு ஒரு நட்சத்திரம் பதிக்கப்பட்டது. அந்த டிசம்பரில் உட்டி ஆலனின் ‘ஆலிஸ்’ வெளிவந்தது. நாயகியின் வாழ்க்கையையே மாற்றும் மூலிகைகள் தரும் மருத்துவர் யாங்காக லூக் நடித்திருந்தார். பல விமர்சகர்கள் அந்த நடிப்பைப் போற்றினர். 1991 ஜனவரி 12ஆம் நாள் பக்கவாதத்தால் கலிபோர்னியாவின் விட்டியர் நகரில் காலமானார். வயது 86.

இன்னொரு தலைமகன்

இந்தக் கதைக்கு ஒரு தொடர்ச்சி உண்டு. 1957இல் சார்லி சான் தொலைக்காட்சித் தொடராக வந்தது. சானாக நடித்தவர் அப்போதும் வெள்ளையர்தான். தலைமகனாக நடித்த இளைஞரின் பெயர் ஜேம்ஸ் ஹாங். பின்னாளில் ஈஸ்ட் வெஸ்ட் பிளேயர்ஸைத் தொடங்கியவர்களில் இவரும் ஒருவர். வேடங்களையும் ஏற்றார், புதிய மேடையையும் கட்டினார்.

2023 பிப்ரவரியில் ‘எவ்ரிதிங் எவ்ரிவேர் ஆல் அட் ஒன்ஸ்’ படக்குழுவுக்கு அமெரிக்கத் திரை நடிகர் சங்கத்தின் விருது கிடைத்தபோது, 94 வயதான ஜேம்ஸ் ஹாங் மேடையில் நின்று, வெள்ளையர்கள் கண்களை இழுத்து ஒட்டிக்கொண்டு ஆசியர்களாக நடித்த காலத்தை நினைவுகூர்ந்தார். அவருக்கு அருகில் நின்ற நாயகி ஈப்போவில் பிறந்த மிஷல் இயோ. மறு மாதம் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் விருது அவருக்குக் கிடைத்தது. ‘தி குட் எர்த்’ படத்துக்காகச் சீனத் தாயாக நடித்த வெள்ளையின நடிகைக்குச் சென்ற அதே விருது. இடையே எண்பத்தைந்து ஆண்டுகள்.

அந்தப் பரிசளிப்பைத் தொலைக்காட்சியில் பார்த்துக்கொண்டிருந்தபோது நம் நாட்டவர் வென்றார் என்ற மகிழ்ச்சியில் நானும் கைதட்டினேன். அன்றிரவு ‘எண்டர் தி டிராகன்’ படத்தை மீண்டும் எடுத்துப் போட்டேன். இம்முறை சண்டைக் காட்சிகளில் என் கவனம் நிற்கவில்லை. ஹான் வாய் திறக்கும்போதெல்லாம் கண்களை மூடிக்கொண்டு கேட்டேன். திரையில் தெரியாத அந்த மனிதரின் முகம் இப்போது எனக்குத் தெரியும்.